உரைகல் பொய்த்தால்?

பொன்னின் மாற்றை உரைகல் காட்டும். உரைகல்லின் மாற்றை எது காட்டும்? விளையாட்டுக் கேள்விபோலத் தோன்றினும், விஞ்ஞானம் பயிலும் மாணவர் யாவரும் கேட்கவேண்டிய கேள்வி இதுவென்போம். ஹபிள் தொலைகாட்டியின் வரலாறு இதற்குச் சிறந்ததொரு சான்றாகும்.

1990ஆம் ஆண்டு ஏப்ரல் 24ஆந் திகதி அமெரிக்கர் இத் தொலைகாட்டியை விண்ணுக்கு ஏற்றினர். காற்று மண்டலத்துக்கு அப்பால் நின்று, கலக்கமற்ற வானைக் காண்பதே நோக்கம். ஆயின், இரண்டு மாதங்களுக்குள் ஏமாற்றம் வந்தது. கூரிய புள்ளிகளாய்த் தெரியவேண்டிய விண்மீன்கள், ஒளிவட்டஞ் சூழ்ந்து மங்கித் தெரிந்தன. 2.4 மீற்றர் விட்டமுள்ள பெரிய ஆடியின் விளிம்பு, வேண்டியதிலும் சற்றே தட்டையாயிருந்தது. எவ்வளவு? ஒரு மில்லிமீற்றரை ஆயிரங் கூறிட்டால், அவற்றுள் ஏறக்குறைய இரண்டு கூறு. தலைமயிரின் பருமனில் ஐம்பதில் ஒரு பங்கு!

ஆடியைத் தேய்த்தவர்கள் கைதவறினரோ? இல்லை. அதன் வடிவைச் சோதிக்கும் கருவி எதைச் சரியென்று காட்டிற்றோ, அதற்கு இம்மியும் பிசகாமலே தேய்த்தனர். அக்கருவியிலிருந்த வில்லையொன்றுதான் 1.3 மில்லிமீற்றர் இடம் மாறிப் பொருத்தப்பட்டிருந்தது. கருவி பொய் கூறிற்று. ஆடி அப்பொய்யை மிகத் திருத்தமாக ஏற்றுக்கொண்டது!

இதனினும் வருந்தத்தக்கது ஒன்றுண்டு. வேறு இரு சோதனைக் கருவிகள், ஆடி நிலத்தில் இருந்தபொழுதே பிழையைக் காட்டின. அவை திருத்தங் குறைந்தவை எனக் கருதி, அவற்றின் சாட்சியத்தை ஒதுக்கிவிட்டனர்.

பிழை ஒழுங்கானதாய் இருந்தமையே நல்வினைப் பயன். அதற்கு நேர்மாறான திருத்தத்தைக் கணிக்க முடிந்தது. 1993 டிசெம்பரில் விண்வெளி வீரர்கள் சென்று, பத்துச் சிறிய ஆடிகள் கொண்ட திருத்தக் கருவியொன்றையும், தன்னுள்ளேயே திருத்தம் அமைந்த புதிய ஒளிப்படக் கருவியொன்றையும் பொருத்தினர். பார்வை குறைந்தவருக்கு மூக்குக்கண்ணாடி அணிவித்தாற்போல, ஹபிளின் பார்வை தெளிந்தது. குறையுள்ள பெரிய ஆடியோ மாற்றப்படவேயில்லை.

ஆய்கூடத்திலே மூன்று அளவீடுகளுள் ஒன்று முரண்பட்டால், அதனை மெல்ல அழித்துவிடும் மாணவரை நாம் கண்டிருக்கின்றோம். அழிக்கவேண்டாம். முரண்படுவது எது, ஏன் என்று ஆராயுங்கள். விலை உயர்ந்த கருவியாயினும், அதனையும் வேறொன்றால் சோதித்துக்கொள்ளுங்கள். ஒதுக்கப்பட்ட சாட்சியே சிலவேளை உண்மை பேசுவதாயிருக்கும்.