நிலமும் பொழுதும் எழுதிய கமரா

சினிமாவைப் பற்றி எழுதப் புகும் தமிழாசிரியனை ஐயுற்று நோக்குதல் நம்மவரிடை நெடுநாளாய வழக்கம். கீழைத்தேயக் கல்லூரியொன்றிலே இலக்கணம் பாடஞ்சொல்லும் நான் இப்பொருளை எடுத்தமை கண்டு நண்பர் சிலர் முகஞ்சுளித்தலுங் கூடும். ஆயினும், ஒளிப்பதிவாளர் ஒருவரின் தொழிற்றிறத்தை ஆராய்தற்கு நம் பொருளிலக்கணமே இடந்தருகின்றது என்பது என் துணிபு.

அகப்பாட்டின் உறுப்புக்களை முதல், கரு, உரி எனத் தொல்காப்பியர் மூன்றாக வகுத்தார். முதற்பொருளாவன நிலமும் பொழுதும். திரைப்படத்தில் உரிப்பொருளை நடிகர் முகத்திலே காண்கின்றோம், வசனத்திலே கேட்கின்றோம். கருப்பொருளைக் காட்சி அமைப்பாளர் தேடிக் கொணர்ந்து வைப்பர். நிலத்தையும் பொழுதையும் நமக்குத் தருபவன் எவன்? கமராவின் பின்னே நிற்பவன். அவன் பெயரோ தொடக்கத்தில் ஒரு கணம் தோன்றி மறைந்துவிடும். 'மூன்றாம் பிறை' யாருடைய படம் என்று மாணாக்கரைக் கேட்டேன். கமலஹாசன் படம் என்றனர். ஸ்ரீதேவி படம் என்றனர். இயக்கியவர் பெயரை இருவர் அறிந்திருந்தனர். அதன் நீலகிரி மூடுபனியையும், ரயில் நிலையத்து மழையையும் பதிந்த கையும் அவருடையதே என்பதை அறிந்தார் ஒருவருமிலர்.

நெய்தலுக்குரிய சிறுபொழுது எற்பாடு. அது பிற்பகலா, காலையா எனக் கற்றோரிடையே வழக்குண்டு. கீழைக் கடற்கரையில் இருந்து வாதித்தால் அவ்வழக்கு நீளும். உடப்பிலே கரைவலை இழுபடும் வேளையில் மேற்கு நோக்கி நிற்பவனுக்கு ஐயமே எழாது. இது நிற்க. ஒருபுறம் கடலும் மறுபுறம் களப்பும், இடையே வெண்மணலும் உப்பளமுமாகக் கிடக்கும் நம் புத்தளக் கரையில் ஒளி மேலிருந்து மட்டுமா வீழ்கின்றது? கீழிருந்தும் எழுந்து கண்ணைக் கூசச் செய்கின்றது. வானத்துக்கு அளந்து கமராவின் துளையைச் சுருக்கினால் மனிதர் முகம் கறுத்துவிடும். முகத்துக்கு அளந்து திறந்தால் வானம் வெளுத்துவிடும். தர்மசேன பத்திராஜவின் 'பம்பரு எவித்' (1978) என்னுஞ் சிங்களப் படம் கற்பிட்டியிலே எடுக்கப்பெற்றது. ஒளிப்பதிவு செய்தவர் டொனால்ட் கருணாரத்ன. மீனவர் வாடிக்குள் நகரத்தார் புகுந்தமையால் விளைந்த கேட்டைச் சொல்லும் அக்கதையை இந்நிலத்தினின்றும் பெயர்த்து வேறோரிடத்தில் வைத்தல் இயலாது. முதற்பொருள் என்று நான் சொல்வது இதனையே.

இக்கலையிலே தமிழர் தலைநிமிர்ந்து சொல்லத்தக்க பெயர் பாலு மகேந்திரா. 1939ஆம் ஆண்டு மட்டக்களப்பு அமிர்தகழியிலே பிறந்தவர். பள்ளி மாணவராயிருந்த காலத்தில், டேவிட் லீன் என்னும் ஆங்கில இயக்குநர் குவாய் நதிப் பாலம் பற்றிய தமது படத்தை இலங்கையிலே எடுப்பதைக் கண்டதே தம்மை இத்துறைக்கு ஈர்த்தது என அவர் சொல்லியிருக்கிறார். புனே திரைப்படக் கல்லூரியில் ஒளிப்பதிவு பயின்று 1969இல் தங்கப் பதக்கம் பெற்றார். முதற்படமாகிய 'நெல்லு' (1974) மலையாளம். வயநாட்டுக் காட்டு நிலம். கேரள அரசின் விருது அதற்குக் கிடைத்தது. தாமே இயக்கிய முதற்படம் 'கோகிலா' (1977) கன்னடம். ஒளிப்பதிவுக்கான தேசிய விருது பெற்றது. மகேந்திரனின் 'முள்ளும் மலரும்' (1978) தமிழ். கே. விசுவநாத்தின் 'சங்கராபரணம்' தெலுங்கு. மணிரத்தினத்தின் முதற்படமாகிய கன்னடப் 'பல்லவி அனு பல்லவி'க்கும் (1983) கமரா பிடித்தவர் இவரே. 'மூன்றாம் பிறை' (1982) இரண்டாவது தேசிய விருதை ஈட்டித் தந்தது.

மொழிதோறும் நிலந்தோறும் மாறிய இவ்வாழ்க்கையைப் 'பன்முகத் திறமை' என்று ஒரு சொல்லாற் கூறி அப்பாற் செல்வது எளிது. நான் அதில் அமைதியுறேன். பல இடங்களில் வேலை செய்தவர் பலர். எங்குச் சென்றாலும் அவ்விடத்து ஒளியையே முதலாகக் கொண்டு, விளக்கொளியை இயன்றவரை குறைத்து, சாளரத்தின் வழி வருவதைக் கொண்டே முகத்தைத் தீட்டியவர் சிலர். கையிற் பல அணிகள் இருந்தும் ஓரணியோடு பாட்டை நிறுத்தும் புலவனின் அடக்கம் அது. 'வீடு' (1988) என்னும் படத்திற் பாட்டொன்றுமில்லை. ஒரு பெண் சிறுவீடு கட்ட முயன்று அலையும் அலைச்சலே கதை. முதியவராக வரும் சொக்கலிங்க பாகவதரின் முகத்திற் படியும் ஒளியை நோக்குக. அதிலே செயற்கை தெரிந்ததென்று எவரேனும் நிறுவினால், இக்கட்டுரையை மீளப் பெற்றுக்கொள்ளச் சித்தமாயிருக்கிறேன்.

பின்னாளில் அவர் தொலைக்காட்சிக்கு வந்ததை இறக்கமாகக் கருதுவாருளர். என் கருத்து மாறானது. 'கதை நேரம்' என்னும் பெயரில், தமிழ் எழுத்தாளர்தம் சிறுகதைகளைச் சன் தொலைக்காட்சியில் வாரந்தோறும் குறும்படமாக்கித் தந்தார், ஐம்பத்திரண்டு கதைகள். சுஜாதா, மாலன் முதலியோர் கதைகள் அவற்றுள் அடங்கும். சிறுதிரையிலே பரந்த நிலம் எடுபடாது. ஆகவே அறையும் தாழ்வாரமும் முகமுமே அங்கு நிலமாயின. வெண்பாவுக்கும் காப்பியத்துக்கும் யாப்பு வேறாதல் போல இவ்விரு திரைகளுக்கும் யாப்பு வேறு. அதை உணர்ந்து எழுதினார். சிறுகதை என்பது யாது என நான் ஒரு தவணை முழுதும் விளக்கி உணர்த்த முடியாததை இவற்றுள் ஒன்று அரைமணிக்குள் உணர்த்திவிடும்.

ஈழத்து மண்ணைத் தம் கதைப்படம் எதிலும் அவர் காட்டவில்லையே என்பது நம்மவர் குறை. குறை உண்மை, பழி அவருடையதன்று. இங்கே தமிழ்ப் படத்துக்கு என்ன இடம் வைத்திருந்தோம்? பத்திராஜ 1977இல் யாழ்ப்பாணத்தில் எடுத்த 'பொன்மணி'யைத் திரையரங்கிற் சென்று பார்த்தவர் எத்தனை பேர்? கொழும்பிலிருந்து நம் ஊருக்கு வரும் வழியிலுள்ள ஹெந்தளையில், குணரத்தினம் அவர்களின் விஜயா ஸ்ரூடியோ 1983 ஜூலையிலே தீக்கிரையானபோது படச்சுருள்களும் சாம்பராயின. அதற்கு இரண்டாண்டு முன்னர் யாழ் நூலகம் எரிந்ததை நினைந்து இன்றும் கண்ணீர் விடுகின்றோம், விடத்தான் வேண்டும். எரிந்த படச்சுருளுக்கோ இரங்கற்பா ஒன்றேனும் எழுந்ததாக நான் கேட்டதில்லை.

தீ மட்டுமன்று பகை. வெப்பமும் ஈரமும் போதும். படச்சுருளின் அசற்றேற்றுத் தளம் புளித்துக் காடி நாற்றம் வீசிச் சுருங்கும், வண்ணம் வெளுக்கும். தமது 'வீடு', 'சந்தியாராகம்' ஆகிய படங்களின் மூலச் சுருள்கள் கெட்டும் இல்லாமலும் போனமையை அவரே எழுதி வருந்தினார். தமிழ்ப் படங்களுக்கு ஆவணக் காப்பகம் வேண்டுமெனப் பலகாலும் கேட்டார். இந்திய தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம், அவர் பயின்ற புனே நகரிலேயே 1964இல் நிறுவப்பட்டது. அங்ஙனமிருந்தும் இது நேர்ந்தது. 2014 பெப்ரவரி 13இல் அவர் மறைந்தார். மறைவதற்குச் சற்று முன், 'தலைமுறைகள்' (2013) என்னும் படத்திலே பேரனுக்குத் தமிழ் சொல்லிக்கொடுக்கும் தாத்தாவாகத் தாமே நடித்திருந்தார்.

ஏடு செல்லரித்துப் போகின்றதே என்று பதறிச் சிறுப்பிட்டித் தாமோதரம்பிள்ளை ஓலைகளைத் தேடித் திரிந்ததனாலேயே 1887இல் கலித்தொகை அச்சேறியது. அச்சுருள்களும் ஏடுகளே. நம் ஊர்களில் முன்னாள் வீடியோக் கடைக்காரர் பலரின் பெட்டிகளிலே 'கதை நேர'ப் பதிவுகளும், பழைய ஈழத்துப் படப் பிரதிகளும் கிடத்தல் கூடும். கற்பிட்டி முதல் சிலாபம் வரையுள்ளோர், உப்புக்காற்று அவற்றை உண்ணுமுன், தத்தம் ஊர்ப் பாடசாலைத் தமிழாசிரியரிடமேனும் அவற்றை ஒப்படைப்பாராக. கணினியிற் பிரதி எடுத்துக்கொண்டு, பெட்டியோடு மீளத் தந்துவிடுதல் அவ்வாசிரியர் கடன்.