எதில் 20 சதவீதம்?

கொஞ்சம் நீளமான பதிவு. கோபமும் இருக்கும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை எட்டாம் வகுப்புப் பேத்தி கணக்கு நோட்டோடு வந்தாள். ஒருவர் 20% தள்ளுபடியில் ஒரு சட்டையை 640 ரூபாய்க்கு வாங்கினார். குறித்த விலை என்ன? ஒரு நொடி கூட யோசிக்கவில்லை. 640-இல் 20% 128, கூட்டினால் 768 என்று எழுதிவிட்டாள்.

"ஏன்மா கூட்டினே?"

"முன்னாடி இருந்த விலையைக் கேட்டா கூட்டணும் தாத்தா. வீடியோவில் சொன்னாங்க."

768-இல் 20% கழித்துப் பார் என்றேன். 614 ரூபாய் 40 காசு வந்தது. திருதிருவென முழித்தாள்.

தப்பு அவளுடையது இல்லை. 'இந்தச் சொல் வந்தால் கூட்டு, அந்தச் சொல் வந்தால் கழி' என்று சொல்லிக்கொடுக்கிறோமே, நம்முடையது. அது கணக்கு இல்லை, குறி சொல்வது!

சதவீதம் தனியாக நிற்கிற எண் அல்ல. எதில் என்று கேட்காமல் அதைத் தொடவே கூடாது. இங்கே 20% என்பது 640-இல் அல்ல, குறித்த விலையில். அந்த விலையை 100 பங்கு என்று வையுங்கள். 20 பங்கு போனால் மீதி 80. 80 பங்கு 640 ரூபாய் என்றால் ஒரு பங்கு 8 ரூபாய். 100 பங்கு 800. இதில் சூத்திரம் எங்கே வந்தது?

நான் மட்டும் யோக்கியன் இல்லை. வேலைக்குச் சேர்ந்த முதல் பத்து வருடம், சூத்திரத்தைக் கரும்பலகையில் கட்டம் போட்டு எழுதி, மனப்பாடம் செய் என்றவன்தான். அப்போது என்னிடம் படித்த ஒருவன், சில வருடங்களுக்கு முன் வீட்டுக்கு வந்தான். வண்டிக்கு 60,000 ரூபாய் கடன். மாதம் 3,000 வீதம் 24 மாதம், மொத்தம் 72,000. "வட்டி 10%தான் சார், ஆனா கட்டி மாளலை" என்றான்.

வருடத்துக்கு 6,000, இரண்டு வருடத்துக்கு 12,000. பெருக்கல் சரிதான். ஆனால் மாதாமாதம் அசலும் அடைந்துகொண்டே வருகிறதே! வட்டி மட்டும் கடைசி மாதம் வரை முழு 60,000-த்துக்கும் போட்டிருக்கிறார்கள். நிற்கிற பாக்கிக்கு மட்டும் கணக்குப் போட்டால் அது வருடத்துக்குச் சுமார் 18% வட்டி. 'எதில் 10%?' என்று கேட்காமலே கையெழுத்துப் போட்டுவிட்டான். கேட்கச் சொல்லிக்கொடுக்காதவன் நான். அன்றைக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை.

"பரீட்சையில் நேரம் போதாது சார்" என்று ஆசிரியராக இருக்கும் என் மாணவர்களே சொல்கிறார்கள். தப்பான விடையைப் பத்து நொடியில் எழுதி என்னப்பா லாபம்? 80 பங்கு கண்ணில் பட்ட பிள்ளைக்கு அந்தப் பத்து நொடி கூட வேண்டாம். பரீட்சை மூன்று மணி நேரத்தில் முடிந்துவிடும். தவணை முடியாது.

ஆசிரியர்களாகவும் பெற்றோராகவும் இருக்கிற என் பிள்ளைகளிடம் ஒன்றே ஒன்று கேட்கிறேன். இனிமேல் சதவீதக் கணக்கு வந்தால் முதலில் விடையைக் கேட்காதீர்கள். 'எதில்?' என்று கேளுங்கள். அதைச் சொன்ன பிறகு பென்சிலை எடுக்கட்டும்.

உங்களுக்கும் ஒரு வீட்டுப்பாடம். ஒரு பொருளின் விலை 25% ஏறியது. பழைய விலைக்கே வர எத்தனை சதவீதம் இறங்க வேண்டும்? கமெண்டில் போடுங்கள். 25 என்று எழுதுகிறவர்கள் பெஞ்சு மேல் ஏறி நிற்கவும்!