விடுதலையைக் கிளறும் கதவைத் திறக்கக் கேட்காதீர்கள்

ரவிராஜ் எம்.பி. கொலை வழக்கில் 2016 டிசம்பரில் ஜூரிகள் ஐந்து பேரையும் விடுவித்தபோது நாமும்தான் கொதித்தோம். ஜூரி விடுவித்தால் சட்டப் பிழையைக் காட்டித்தான் சட்டமா அதிபர் மேன்முறையீடு செய்யலாம். அந்தக் கட்டுப்பாட்டையே தூக்குங்கள் என்கிறார்கள் சிலர்.

நம்ம மன்னார் கவிஞர், ஆசிரியர் அஹ்னாஃப் ஜஸீமை மறந்துவிட்டோமா? 'நவரசம்' கவிதை நூலில் தீவிரவாதமாம். 2020 மேயில் பிடித்து, பயங்கரவாதத் தடைச் சட்டத்தில் ஒன்றரை வருடம் அடைத்தார்கள். 2023 டிசம்பர் 12இல் புத்தளம் மேல் நீதிமன்றம் விடுவித்தது. அதையும் அரசு நினைத்த நேரமெல்லாம் கிளறலாம் என்றால் சம்மதமா?

ரவிராஜ் வழக்கில் கேட்க வேண்டியது வேறு. பாதிக்கப்பட்டோர் ஆட்சேபித்தும், எதிரிகள் கேட்ட சிங்கள ஜூரியை ஏன் கொடுத்தார்கள்? அதைக் கேளுங்கள், நாமும் கூட வருகிறோம்.