பதிவு செய்யப் பணம் உண்டு, பாடம் சொல்ல ஆள் இல்லை

2024 பிப்ரவரியில் தமிழக பட்ஜெட் உரையைத் தொலைக்காட்சியில் பார்த்துக்கொண்டிருந்தேன். பென்ஷன்காரனுக்கு ஏதாவது தேறுமா என்ற கவலைதான், வேறென்ன. நடுவே நிதியமைச்சர் தங்கம் தென்னரசு ஒரு அறிவிப்பை வாசித்தார். தோடர், கோத்தர், சோளகர், காணி, நரிக்குறவர் ஆகிய பழங்குடிகளின் மொழி வளங்களையும் ஒலி வடிவங்களையும் ஆவணப்படுத்த 2 கோடி ரூபாய். நல்ல காரியம்தான். ஆனால் கேட்டதும் எனக்கு வயிற்றெரிச்சல்தான் வந்தது.

ஒரு மொழியை ஒலிப்பதிவு செய்து பத்திரப்படுத்த அரசாங்கத்திடம் பணம் இருக்கிறது. அதே மொழியைப் பேசிக்கொண்டு ஐந்து வயதில் ஒன்றாம் வகுப்பில் வந்து உட்காரும் பிள்ளையிடம், அந்த மொழியில் நாலு வார்த்தை பேச ஒரு ஆள் போட வேண்டும் என்று யாருக்கும் தோன்றவில்லை. பேசுகிற வாய் உயிரோடு இருக்கும்போதே அதற்கு அருங்காட்சியகம் கட்டுகிறோம்.

நம்மூர் ஆட்களைப் பற்றியே பேசுவோம். சித்திரைத் திருவிழாவில் பாசிமணி, ஊசி விற்கிறார்களே, நரிக்குறவர்கள். அவர்கள் தங்களை வாக்ரி என்று சொல்லிக்கொள்கிறார்கள். அவர்கள் வீட்டில் பேசுவது வாக்ரிபோலி. குஜராத்தி, ராஜஸ்தானி பக்கத்து மொழிகளுக்குச் சொந்தம். சினிமாக்காரர்கள் காட்டிய ‘சாமியோவ்’ தமிழ்தான் அவர்கள் மொழி என்று நம்மில் பாதிப் பேர் இன்றைக்கும் நினைக்கிறோம். அண்ணாமலைப் பல்கலைக்கழகம் 1970-லேயே அந்த மொழியைப் பற்றி சீனிவாச வர்மாவின் ஆய்வு நூலை வெளியிட்டுவிட்டது. பழங்குடிப் பட்டியலில் அவர்களைச் சேர்க்கும் சட்டம் 2022 டிசம்பரில்தான் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. எத்தனை வருஷக் கோரிக்கை! சாதிச் சான்றிதழ் வந்தது, சரி. பள்ளிக்கூடத்தில் என்ன மாறியது?

நான் ஒன்றியத் தொடக்கப் பள்ளியில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். மதுரைக்குக் கிழக்கே ஒரு பள்ளியில் எட்டு வருஷம் இருந்தேன். ஊர்ப் பெயர் வேண்டாம். ஒவ்வொரு ஜூனிலும் வாக்ரிப் பிள்ளைகள் ஐந்தாறு பேர் சேருவார்கள். வெளியே கோலிக்குண்டு விளையாடும்போது கத்தித் தீர்க்கிற பையன், வகுப்புக்குள் வந்ததும் வாயை மூடிக்கொள்வான். ‘அ’னா, ‘அம்மா’ படம். அவன் வீட்டில் தாய்க்கு வேறு சொல். ‘ஆ’வன்னா, ‘ஆடு’. அதற்கும் வேறு சொல். எழுத்தும் புதுசு, அந்த எழுத்து குறிக்கிற சொல்லும் புதுசு. ஒரே நேரத்தில் இரண்டு பாரம். நம் பிள்ளைகளுக்கு ஒன்றுதான்.

பார்வைக்கு வந்த அதிகாரி ஒருவர் ஒரு பையனைக் காட்டி, “இவன் கொஞ்சம் மந்தமோ?” என்றார். நான் அவனை எண்ணச் சொன்னேன், அவன் பாஷையில். மடமடவென்று இருபது வரை போனான். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. எங்கள் வீட்டு மொழி சௌராஷ்டிரம். அவன் சொன்ன மூன்றும் நான்கும் ஐந்தும் என் காதுக்கு நெருங்கிய உறவாக இருந்தன. அதிகாரி ஒன்றும் சொல்லாமல் அடுத்த வகுப்புக்குப் போய்விட்டார். அந்தப் பையன் மூன்றாம் வகுப்போடு நின்றான். அவனோடு சேர்ந்தவர்களில் எட்டாம் வகுப்பைத் தொட்டவர்கள் யாரும் இல்லை. பதிவேட்டில் காரணம் ‘பெற்றோர் இடம்பெயர்வு’. அதுவும் உண்மைதான். ஆனால் புரியாத இடத்தில் எந்தப் பிள்ளை எத்தனை நாள் உட்காரும்?

சட்டம் இல்லையா என்றால் தாராளமாக இருக்கிறது. மொழிச் சிறுபான்மைப் பிள்ளைகளுக்குத் தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் தர மாநிலங்கள் முயல வேண்டும் என்று அரசியல் சட்டத்தின் 350-ஏ பிரிவு சொல்கிறது, 1956-ல் சேர்த்தது. 2009 கல்வி உரிமைச் சட்டமும், கூடியமட்டும் பயிற்றுமொழி தாய்மொழியாக இருக்க வேண்டும் என்கிறது. நம் அரசே தெலுங்கு, கன்னடம், மலையாளம், உருது மொழிகளில் பாடப்புத்தகம் அச்சடிக்கிறது. மிகச் சரி. முதல் மூன்றுக்கும் பக்கத்திலேயே ஒரு மாநிலம் இருக்கிறது, உருதுவுக்குக் கேட்க ஆள் இருக்கிறது. வாக்ரிக்கு மாநிலமும் இல்லை, எம்.எல்.ஏ.வும் இல்லை. அதனால் புத்தகமும் இல்லை.

இப்படி எழுதினால் வழக்கமாக வருகிற பதில், “அவங்க தமிழ் படிச்சாத்தானே சார் வேலை கிடைக்கும்? வாக்ரி படிச்சு என்ன செய்ய?” என்பது. தமிழ் வேண்டாம் என்று யார் சொன்னது? தமிழுக்குப் போகிற படிக்கட்டைத்தான் கேட்கிறேன். தாய்மொழியில் எழுத்தறிவு பெற்ற பிள்ளைக்கு இரண்டாவது மொழி சுலபமாக வரும் என்று யுனெஸ்கோ 1953-லேயே அறிக்கை போட்டது. ஒடிசாவில் 2007-ல் பத்துப் பழங்குடி மொழிகளில் ஆரம்பித்தார்கள். முதல் வகுப்பு தாய்மொழியில், பிறகு மெல்ல மெல்ல ஒடியா. சில ஆயிரம் பேரே பேசுகிற போண்டா மொழியும் அதில் ஒன்று. நம்மைவிடப் பணக்கார மாநிலமா ஒடிசா?

“எழுத்தே இல்லாத மொழியாச்சே” என்பது அடுத்தது. ஒடிசாவில் ஒடியா எழுத்தை வைத்துக்கொண்டார்கள். இங்கே தமிழ் எழுத்து போதும். சில ஒலிகளுக்கு ஒரு புள்ளியோ கோடோ கூடுதலாகப் போட்டால் தீர்ந்தது. நாங்கள் சௌராஷ்டிரக்காரர்கள் வீட்டுக் கல்யாணப் பத்திரிகையில் அதைத்தானே செய்கிறோம்!

எழுத்து இருந்தால் மட்டும் மொழி பிழைத்துவிடுமா, அதையும் சொல்ல வேண்டும். டி.எம். ராமராய் சௌராஷ்டிர எழுத்தில் பாலபாடம் அச்சடித்து நூறு வருஷத்துக்கு மேலாகிறது. 2008-ல் அந்த எழுத்து யூனிகோடிலும் ஏறிவிட்டது. நடனகோபால நாயகி சுவாமிகள் கீர்த்தனைகளை இன்றும் பாடுகிறோம். ஆனால் பள்ளிக்கூட வாசலில் ‘சௌராஷ்டிர’ என்று பலகை இருக்கும், உள்ளே பாடம் தமிழிலும் ஆங்கிலத்திலும். 2011 கணக்கெடுப்பில் நாடு முழுவதும் சுமார் 2,47,000 பேர் எங்கள் மொழியைத் தாய்மொழி என்று சொன்னார்கள். அதில் எத்தனை பேரப்பிள்ளைகள் பதில் பேசுகிறார்கள் என்று தெற்கு மாசி வீதியில் எந்த வீட்டுத் திண்ணையிலும் கேட்டுப் பாருங்கள். கடை, படிப்பு, சொத்து எல்லாம் உள்ள எங்களுக்கே இந்த கதி என்றால், பாசிமணி விற்கிறவர்களின் மொழிக்கு எத்தனை நாள்?

(சிறுமலை, சதுரகிரி பளியர்கள் பேசுவது தமிழின் ஒரு வழக்கு. அவர்கள் பிள்ளைகளின் பிரச்சினை வேறு, அதைத் தனியாக எழுத வேண்டும்.)

இன்னொரு பயம் உண்டு. கட்சிக்கார நண்பர்கள் காதோடு சொல்வார்கள். தாய்மொழிக் கல்வி என்று டில்லியும் 2020 கல்விக் கொள்கையில் பேசுகிறது, நாமும் பேசினால் இந்தி பின்வாசல் வழியாக வந்துவிடுமாம். 1965 ஜனவரி 25 அன்று மதுரையில் மாணவர் கூட்டத்தில் நானும் நின்றவன். ஒன்பதாம் வகுப்பு. வீட்டில் சௌராஷ்டிரம் பேசுகிற பையன்கள் எத்தனையோ பேர் ‘தமிழ் வாழ்க’ என்று தொண்டை கிழியக் கத்தினோம். அந்தப் போராட்டத்தின் நியாயம் என்ன? தெரியாத மொழியைப் பிள்ளையின் தலையில் கட்டாதே என்பதுதானே. அந்த நியாயம் தமிழனுக்கு மட்டும் என்று எழுதி வைத்திருக்கிறதா? வாக்ரிப் பிள்ளைக்குத் தமிழ் முதல் நாளில் எப்படி இருக்கும் என்று யோசிக்க, இந்தியை எதிர்த்தவனைவிடத் தகுதியானவன் யார்? இருமொழிக் கொள்கையை வைத்துக்கொள்ளுங்கள், எனக்கும் அதுதான் கட்சி. ஆறு வயசுப் பிள்ளைக்கு இரண்டு வருஷம் கை பிடிக்க ஒரு ஆள் போட்டால் அந்தக் கொள்கை இடிந்து விழாது.

நியூசிலாந்தில் மாவோரி மக்கள் 1982-ல் ‘மொழிக்கூடு’ என்று சிறு பிள்ளைகளுக்கான இடங்களைத் தொடங்கினார்கள். பாடம் சொன்னவர்களில் பலர் மொழி மறக்காத பாட்டிமார்கள். ஐந்தே வருஷத்தில், 1987-ல், மாவோரி அங்கே ஆட்சிமொழி ஆயிற்று. நம் வாக்ரிக் குடியிருப்புகளில் பாட்டிகளுக்கா பஞ்சம்?

ஆள் பிடிப்பதும் நமக்குப் புதுசில்லை. கொரோனாவுக்குப் பிறகு 2021-ல் ‘இல்லம் தேடிக் கல்வி’க்கு மாதம் 1,000 ரூபாயில் தன்னார்வலர்களைத் தெருத் தெருவாகத் தேடிப் பிடித்தார்களே. ‘எண்ணும் எழுத்தும்’ என்று 2022-ல் முதல் மூன்று வகுப்புக்குத் தனித் திட்டமே தொடங்கினார்கள். பிளஸ் டூ முடித்த வாக்ரிப் பெண்கள் இப்போது அங்கொன்றும் இங்கொன்றுமாக இருக்கிறார்கள். அவர்களில் ஒருத்தியை ஒன்றாம், இரண்டாம் வகுப்பில் ஆசிரியருக்கு உதவியாக உட்கார வையுங்கள். பி.எட். கேட்டு விரட்டாதீர்கள்.

மாதம் 10,000 ரூபாய் சம்பளம் போட்டுக் கணக்குப் பார்த்தேன், வாத்தியார் புத்தி. வருஷத்துக்கு ஒருவருக்கு 1,20,000. அந்த 2 கோடியில் 166 பேரை ஒரு வருஷம் வைக்கலாம். 80,000 ரூபாய் மிச்சமும் இருக்கும். அதில் ஒலிப்பதிவுக் கருவி வாங்கிக்கொள்ளட்டும்.