கணக்கில் வராத பெயர்கள்



சிங்கப்பூரில் சம்பளச் சீட்டு கைக்கு வந்ததும் நாம் முதலில் பார்ப்பது கடைசி வரியைத்தான். கொஞ்சம் மேலே பாருங்கள். மத்திய சேமநிதிப் பிடித்தத்துக்குப் பக்கத்தில், இந்தியர் மேம்பாட்டுச் சங்கமான சிண்டாவுக்கு என்று ஒரு சிறு தொகை இருக்கும். கூட வேலை செய்யும் மலாய்த் தோழியின் சீட்டில் அது பள்ளிவாசல் கட்டட, மெண்டாக்கி நிதி என்று இருக்கும். தமிழ் முஸ்லிம் வாசகர்கள் சிரிப்பார்கள். அவர்களுக்கு இரண்டும் உண்டு.

நீங்கள் யார் என்று சம்பளம் போடுகிறவர் உங்களிடம் கேட்டாரா? கேட்டிருக்க மாட்டார். அடையாள அட்டையே சொல்லிவிடுகிறது.

இனம் என்ற அந்த ஒரு சொல் செய்கிற வேலை கொஞ்சமா? பிள்ளை எந்தத் தாய்மொழி வகுப்பில் உட்காரும் என்பதில் அதற்குப் பங்குண்டு. வீட்டை விற்கப் போனால் அங்கேயும் வந்து நிற்கும். 1989இல் வந்த இன ஒருங்கிணைப்புக் கொள்கைப்படி ஒவ்வொரு புளோக்குக்கும் வரம்பு இருக்கிறது. சீனர் வரம்பு நிரம்பிய புளோக்கில், நம்மவர் வீட்டைச் சீனக் குடும்பம் கேட்டு வந்தாலும் விற்க முடியாது. விலையைக் குறைத்து மாதக்கணக்கில் காத்திருந்தவர்களை நம் வாசகர்களிலேயே எனக்குத் தெரியும். 2022இல்தான், இப்படிச் சிக்கிக்கொண்டு நெடுநாள் விற்க முடியாதவர்களின் வீட்டைத் தானே வாங்கிக்கொள்ள வீடமைப்பு வளர்ச்சிக் கழகம் முன்வந்தது.

தேர்தலிலும் அப்படியே. 1988இல் குழுத்தொகுதிகள் வந்தன. ஒவ்வோர் அணியிலும் சிறுபான்மை இனத்தவர் ஒருவராவது இருந்தாக வேண்டும். குழுத்தொகுதிகளில் ஐந்தில் மூன்று பங்கு மலாய் வேட்பாளருக்கு. மீதி இந்தியருக்கும் மற்றச் சிறுபான்மையினருக்கும். 2020 கணக்கெடுப்பில் நாம் 9 விழுக்காடு. இந்த ஏற்பாடு இல்லாவிட்டால் நாடாளுமன்றத்தில் நமக்கு எத்தனை நாற்காலி கிடைத்திருக்கும்? 2023இல் திரு தர்மன் 70.4 விழுக்காடு வாக்கு பெற்று அதிபரானதைக் காட்டி, இனி இதெல்லாம் எதற்கு என்று சிலர் கேட்கிறார்கள். அவர் உயரத்துக்கு எல்லாரும் வளர்ந்தபின் அதைப் பேசிக்கொள்ளலாம். எனக்கு இந்த ஏற்பாடு வேண்டும்.

ஆனால் அதே அட்டைக்குள் வேறொரு விஷயமும் இருக்கிறது. நாம் அதிகம் பேசாத விஷயம்.

நம் அரசமைப்புச் சட்டத்தின் 152ஆம் பிரிவைப் படித்திருக்கிறீர்களா? மலாய்க்காரர்களே இந்நாட்டின் பூர்வகுடிகள் என்று அது சொல்கிறது. அவர்களுடைய கல்வி, சமயம், பண்பாடு, அரசியல் நலன், மொழி எல்லாவற்றையும் காக்கும் பொறுப்பை அரசாங்கத்திடம் ஒப்படைக்கிறது. சரிதான். தேசிய கீதத்தை எந்த மொழியில் பாடுகிறோம் என்பதே போதும். ஆனால் 'மலாய்க்காரர்' என்ற அந்த ஒரே சொல்லுக்குள் யார் யார் இருக்கிறார்கள்?

இதை ஃபேரர் பார்க்கில் உட்கார்ந்து கேட்பதுதான் பொருத்தம். ரேஸ் கோர்ஸ் ரோட்டுக்குப் பெயர் வரக் காரணமான குதிரைப் பந்தயத் திடல் இங்கேதான் இருந்தது. 1933இல்தான் புக்கிட் தீமாவுக்குப் போனது. குதிரைகளைக் குளிப்பாட்டித் தீனி வைத்துப் பழக்கியவர்களில் பலர், ஜாவாவுக்கு வடக்கே உள்ள பாவியான் தீவிலிருந்து வந்தவர்கள். ஜாலான் புசாருக்கும் சையது ஆல்வி சாலைக்கும் நடுவே, ரொச்சோர் ஆற்றங்கரையில், கம்போங் போயான் என்று அவர்களுக்கு ஒரு குடியிருப்பே இருந்தது. இன்று அந்தப் பக்கம் நாம் முஸ்தபா கடைக்குப் பைகளைத் தூக்கிக்கொண்டு நடக்கிறோம்.

ஒரே ஊர்க்காரர்கள் சேர்ந்து வாழ்ந்த பெரிய வீட்டை அவர்கள் பொண்டோக் என்பார்கள். புதிதாகக் கப்பல் இறங்கியவனுக்கு அங்கே படுக்க இடம் கிடைக்கும். வேலைக்கு யாரிடம் சொல்ல வேண்டும் என்பதும் அங்கேயே பேசி முடியும். செட்டியார் கிட்டங்கிகளைப் பற்றித் தாத்தா சொல்லக் கேட்டவர்களுக்கு இது புதிதாக இருக்காது. பாவியான்காரர், ஜாவானியர், பூகிஸ்காரர், மினாங்கபாவ்காரர் என்று கடல் கடந்து வந்த அத்தனை பேரும் கணக்கெடுப்பில் மலாய்க்காரர்தான். தமிழரும் மலையாளியும் தெலுங்கரும் பஞ்சாபியரும் ஒரே 'இந்தியர்' ஆனதைப் போல.

வந்தவர்கள் கதை இது. ஏற்கெனவே இருந்தவர்கள்?

1819இல் ராஃபிள்ஸ் வந்தபோது இந்தத் தீவில் இருந்தவர்கள் சுமார் ஆயிரம் பேர். அதில் ஏறக்குறைய பாதி ஓராங் காலாங், அதாவது காலாங் ஆற்று முகத்துவாரத்தில் படகிலேயே பிறந்து படகிலேயே வாழ்ந்தவர்கள். சில ஆண்டுகளிலேயே தெமெங்கோங் என்ற மலாய்த் தலைவர் அவர்களை ஜோகூரின் பூலாய் ஆற்றுக்கு மாற்றினார். 1840களில் வந்த பெரியம்மையில் பெரும்பாலோர் மாண்டுபோனார்கள். இன்று காலாங் என்றால் நமக்கு அரங்கம், கச்சேரி, கால்பந்து.

வடக்கே, ஓராங் செலேத்தார் மக்கள் சதுப்புக் காடுகளில் படகோட்டி வாழ்ந்தார்கள். ஜோகூர் நீரிணை அவர்களுக்கு வீட்டு முற்றம். நீரிணைக்கு நடுவே எல்லைக்கோடு விழுந்ததும் என்ன ஆனது தெரியுமா? அந்தப் பக்கம் இருப்பவர்கள் மலேசியாவின் பூர்வகுடிகளான ஓராங் அஸ்லியின் 18 பிரிவுகளில் ஒன்றாக, தங்கள் சொந்தப் பெயரோடு இருக்கிறார்கள். இந்தப் பக்கம் தங்கியவர்கள் மலாய்க்காரர் ஆனார்கள். ஒரே குடும்பத்தின் பெரியப்பா பிள்ளைகளும் சித்தப்பா பிள்ளைகளும் இப்போது இரண்டு இனம்!

தெற்கே செமாக்காவ் தீவு. அங்கும் பக்கத்துச் சிறு தீவுகளிலும் இருந்த கடல்வாழ் குடும்பங்களை 1970களில் தொடங்கி அடுக்குமாடி வீடுகளுக்குக் கொண்டுவந்தார்கள். 1999இலிருந்து அந்தத் தீவு நம் குப்பை நிரப்புமிடம். ராத்திரி நாம் புளோக்கின் குப்பைக் குழாயில் போடுகிற பை எரிக்கப்பட்டுச் சாம்பலாகி அங்கேதான் போய்ச் சேருகிறது. தண்ணீரும் மின்சாரமும் பள்ளிக்கூடமும் கிடைத்ததை அவர்களும் மறுக்கவில்லை. ஆனாலும் பேரப்பிள்ளைகளுக்கு ஏதோ உறுத்தியிருக்கிறது. 2020இல் அவர்களில் சிலர் 'ஓராங் லாவுட் (கடல் மக்கள்) எஸ்ஜி' என்ற பெயரில், பாட்டிமார் சமையலைக் கையில் எடுத்துக்கொண்டு தங்கள் கதையைச் சொல்லத் தொடங்கினார்கள். கட்சியும் கோரிக்கை மனுவும் இல்லாமல், கணவாய்க் கறியிலிருந்து ஆரம்பித்தது எனக்கு மிகவும் பிடித்திருக்கிறது.

பெயர் மட்டும் இருந்தால் போதுமா என்று கேட்பீர்கள். போதாது. அதைப் பார்க்க மலேசியாவின் கேமரன் மலைக்கு வாருங்கள். பள்ளி விடுமுறைக்கு நாம் எல்லாரும் போகிற இடம்தானே. தேயிலைத் தோட்டம், ஸ்ட்ராபெரி, வழியெல்லாம் தமிழ்க் குரல். போகும் வழியில் காட்டுத் தேனும் பெத்தாய்க் காயும் விற்கிற ஓராங் அஸ்லிக் கடைகளையும் பார்த்திருப்பீர்கள். மலேசியச் சட்டத்தில் அவர்களுக்குத் தனிப் பெயர் உண்டு. 1954லிருந்து தனிச் சட்டமே உண்டு. நியமன செனட்டர்களும் இருந்திருக்கிறார்கள். ஆனால் மக்கள் வாக்களித்து ஓராங் அஸ்லி ஒருவர் நாடாளுமன்றத்துக்குப் போனது எப்போது? 2019 ஜனவரியில்தான், ரம்லி முகமட் நோர், அதே கேமரன் மலைத் தொகுதியில்.

அந்தத் தொகுதி அதுவரை மலேசிய இந்தியர் காங்கிரஸின் (மஇகா) கையில் இருந்தது. 2018இல் வென்ற சிவராஜின் வெற்றி செல்லாது என்று தீர்ப்பாகி, இடைத்தேர்தல் வந்தது. நம்மவர் சிலருக்கு அப்போது வருத்தம், ஒரு தமிழ்த் தொகுதி போச்சே என்று. அந்த வருத்தம் எனக்குப் புரிகிறது. தோட்டத்தில் வியர்வை சிந்தியவர்களின் பிரதிநிதித்துவமும் சின்ன விஷயமல்ல. ஆனால் அந்த மலையில் நமக்கு முன்பே இருந்தவர்கள் சுதந்திரம் வந்து 60 ஆண்டுக்கு மேல் காத்திருந்தார்களே?

அங்கே பெயர் இருந்தது, நாற்காலி இல்லை. இங்கே மலாய்க்காரர் என்ற முறையில் நாற்காலி இருக்கிறது. கடல்காரனின் பெயர் இல்லை.

இங்கே சட்டம் ஒரு கதவைத் திறந்தே வைத்திருக்கிறது என்பதையும் சொல்ல வேண்டும். மலாய்ச் சமூகத்தவருக்கு ஒதுக்கப்பட்ட 2017 அதிபர் தேர்தல் நினைவிருக்கும். அதில் அதிபரான திருவாட்டி ஹலிமா யாக்கோபின் தந்தை இந்திய முஸ்லிம். விண்ணப்பித்த மற்றொருவரின் அட்டையில் பாகிஸ்தானியர் என்று இருந்தது. காப்பிக்கடைகளில் அப்போது நடந்த வாதத்தை நாமும் கேட்டோம், ரசித்தோம், கலந்துகொண்டோம். ஆனால் சட்டம் இரத்தத்தைப் பார்க்கவில்லை. தன்னை மலாய்ச் சமூகத்தவராகக் கருதுகிறாரா, அந்தச் சமூகம் அவரை ஏற்கிறதா என்றுதான் கேட்டது. 2011லிருந்து அட்டையிலேயே இரண்டு இனங்களைச் சேர்த்து எழுதிக்கொள்ளவும் வழியிருக்கிறது. ஒருவர் தன்னைப் பற்றிச் சொல்வதற்கு இவ்வளவு மதிப்புத் தர முடியும் என்றால், ஓராங் லாவுட் என்று ஒருவர் சொல்லும்போது பள்ளிப் பாடப் புத்தகம் அவருக்கு இன்னும் இரண்டு பக்கம் தரலாமே? கணக்கெடுப்பில் ஒரு துணைவரி தரலாமே? யாருடைய நாற்காலியும் இதனால் குறையாது.

வரும் இதழ்களில் இந்தத் தீவின் பழைய குடிகளைப் பற்றித் தொடர்ந்து எழுத எண்ணம். உங்கள் உதவி வேண்டும். அறுபது, எழுபதுகளில் ஜாலான் புசார், ரொச்சோர் கரைப் பக்கம் குடியிருந்தவர்களே, பக்கத்து வீட்டு மக்சிக் (மலாய் அத்தை) தன்னை யார் என்று சொல்லிக்கொண்டார்? உங்கள் அம்மா அவரிடம் எந்தச் சமையலைக் கற்றுக்கொண்டார்? தெற்குத் தீவுகளுக்குப் படகில் போய் வியாபாரம் செய்த நம்மவர் யாராவது உங்கள் குடும்பத்தில் உண்டா? எழுதி அனுப்புங்கள். கையெழுத்துப் பிரதியாக இருந்தாலும் பரவாயில்லை, தட்டச்சு செய்வது எங்கள் பாடு. படம் இருந்தால் நகல் மட்டும் அனுப்புங்கள். அசல் உங்களிடமே இருக்கட்டும்.

அன்புடன்,
ஆசிரியர்