பகிடியா? படுகொலையா?

சிலாவத்துறையிலோ அரிப்பிலோ மறிச்சுக்கட்டியிலோ ஒரு பிள்ளைக்குப் பல்கலைக்கழக அனுமதி கிடைத்தால், அது ஒரு வீட்டின் செய்தியன்று, ஊரின் செய்தி. முசலியின் துயரக் கதையை அறிந்தோர்க்கு இதன் காரணம் விளங்கும். 1990 ஒக்டோபரில் விடுதலைப் புலிகள் வடபுலத்து முஸ்லிம்களை வெளியேற்றியபோது இக்கரையோர ஊர்கள் சில நாட்களுள் வெறுமையாயின. 2007இல் முள்ளிக்குளத்துக் கத்தோலிக்க மக்களும் தம் ஊரைவிட்டு அகற்றப்பட்டனர். புத்தளத்துக் கொட்டில்களில் வளர்ந்த தலைமுறை திரும்பி வந்து, காடு மண்டிய காணியைத் துப்புரவாக்கி, தன் பிள்ளையைப் படிக்கவைத்தது. மன்னார் கல்வியிற் பின்தங்கிய மாவட்டம் என்பதைப் பல்கலைக்கழக அனுமதி விதிகளே ஒப்புக்கொள்கின்றன.

முசலியில் பல்கலைக்கழகம் இல்லை. யாழ்ப்பாணத்துக்கோ வவுனியாவுக்கோ பேராதனைக்கோ ஒலுவிலுக்கோ பிள்ளை போகத்தான் வேண்டும். பெட்டியோடு பஸ் ஏறிப் போகும் அப்பிள்ளையை அங்கே வரவேற்பது எது? "தலையைத் தாழ்த்து" என்னும் கட்டளை! அகதி முகாமிலும் தாழாத தலையை அறிவாலயத்தில் தாழ்த்தச் சொல்கிறார்கள்.

இதற்குப் பெயர் பகிடிவதையாம். பகிடி என்றால் இருபக்கமும் சிரிக்கவேண்டும். ஒருவன் சிரிக்க மற்றவன் அழுவதற்குத் தமிழில் வேறு பெயர் உண்டு.

1975இல் பேராதனையில், இராமநாதன் மண்டப விடுதியில், வதை பொறுக்காது மாடியிலிருந்து குதித்த ரூபா இரத்தினசீலி முடமானார். பிற்காலத்தில் தம் உயிரையும் மாய்த்துக்கொண்டார். 1997இல் அதே பல்கலைக்கழகத்தில் பொறியியல் மாணவர் செல்வநாயகம் வரப்பிரகாஷ் கடுந்தேகப்பயிற்சி செய்யுமாறு வதைக்கப்பட்டு, சிறுநீரகம் செயலிழந்து மாண்டார். அவரை வதைத்தோர் அயலாரா? அல்லர். அவர் பேசிய தமிழையே பேசிய மூத்த மாணவர்! இராணுவம் நம் இளைஞரைத் தொட்டால் கொதித்தெழும் நாம், நம்மவர் கையால் நம் பிள்ளை மடிந்தபோது எத்தனை கூட்டம் கூட்டினோம்? எத்தனை கடையடைப்பு நடத்தினோம்?

கடலுக்கு அப்பாலும் கதை இதுதான். 1996இல் அண்ணாமலைப் பல்கலைக்கழக மருத்துவ மாணவர் பொன். நாவரசு மூத்த மாணவனால் கொலையுண்டார். அடுத்த ஆண்டே தமிழ்நாடு தனிச்சட்டம் இயற்றியது. இலங்கையிலும் 1998இன் 20ஆம் இலக்கச் சட்டம் வந்தது. பகிடிவதைக்கு இரண்டாண்டு வரை, பாலியல் தொல்லைக்கும் கொடுங்காயத்துக்கும் பத்தாண்டு வரை கடூழியச் சிறை என்று அது கூறுகிறது. சட்டம் ஏட்டில் இருக்கிறது. வதை விடுதியில் இருக்கிறது. 2020இல் யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தின் கிளிநொச்சி வளாகப் புதுமுக மாணவிகள் கைப்பேசி வழியாகத் தொல்லைப்படுத்தப்பட்ட செய்தியை நாடே அறிந்தது. 2025இல் சப்ரகமுவப் பல்கலைக்கழக மாணவர் ஒருவர் வதைக்குள்ளாகி உயிரை மாய்த்தார் என்ற குற்றச்சாட்டில் மாணவர் சிலர் கைதாயினர்.

வதைப்போர்க்கு ஒரு தத்துவமும் உண்டு. ஏழை, பணக்காரன் என்னும் வேற்றுமையை ஒழித்துச் சமத்துவம் படைக்கிறார்களாம்! இரண்டு சட்டையோடு வந்த கொண்டச்சிப் பிள்ளைக்கு எந்த ஆணவம் இருந்தது, அதை இவர்கள் ஒடுக்குவதற்கு? முதலாண்டில் அழுதவன் இரண்டாமாண்டில் அழவைக்கிறான். இதுவா சமத்துவம்? வட்டிக்கடைக் கணக்கு!

"பொறுத்துக்கொள் தம்பி, மூன்று மாதந்தானே" என்று ஆறுதல் கூறும் பெற்றோரை நாம் கடிந்துகொள்ள மாட்டோம். அவர்கள் அச்சம் நமக்குத் தெரியும். முறையிட்டால் பிள்ளையை ஒதுக்கிவைப்பர், குறிப்புகள் கொடார், நான்காண்டும் தனிமை. ஆனால் தாமும் வதைபட்டு வந்து, இன்று விரிவுரையாளராய் அமர்ந்து, கண்டும் காணாதிருப்போர்க்கு என்ன சாட்டு?

இதை எழுதினால் தமிழர் பல்கலைக்கழகத்தின் பெயர் கெடும் என்று சில நண்பர்கள் நமக்குச் சொல்கிறார்கள். 1974இல் வளாகமாய்த் தோன்றிய யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தை நாமும் உயிரென மதிப்பவர்களே. பெயரைக் கெடுப்பவன் வதைப்பவனா, வதையை எழுதுபவனா?

நாம் கேட்பது அதிகமில்லை. முறைப்பாட்டை ஏற்பவர் அதே பீடத்தைச் சேர்ந்தவராய் இருத்தலாகாது. புதுமுக மாணவர்க்கு முதலாண்டு முழுவதும் தனி விடுதி வேண்டும். முறையிட்ட மாணவரின் பெயர் வெளியே கசிந்தால் கசியவிட்ட உத்தியோகத்தர் பதில் சொல்லவேண்டும். 1998ஆம் ஆண்டுச் சட்டத்தின் கீழ் ஒவ்வொரு பல்கலைக்கழகத்திலும் எத்தனை முறைப்பாடு, எத்தனை வழக்கு, எத்தனை தண்டனை என்பதைப் பல்கலைக்கழக மானியங்கள் ஆணைக்குழு ஆண்டுதோறும் மூன்று மொழியிலும் வெளியிடவேண்டும். வாக்குக் கேட்டு முசலிக்கு வரும் வன்னி மாவட்டப் பாராளுமன்ற உறுப்பினர்கள் இக்கணக்கைச் சபையில் கேட்பார்களா? அடுத்த தொகுதி மாணவர் பஸ் ஏறுமுன் கேட்பார்களா?