கம்ப்யூட்டர் கவுன்சலர் ஆகுமா?

கம்ப்யூட்டர் வாங்கிய முதல் மாதத்தில் எல்லோரும் செய்கிற வேலைகள் சில உண்டு. போட்டோக்களை ஏற்றுவது, பாட்டு கேட்பது, கரண்ட் பில் கட்டுவது. இப்போது இன்னொன்றும் சேர்ந்திருக்கிறது. வீட்டில் எல்லோரும் தூங்கிய பிறகு ஏஐ சாட் புரோகிராமைத் திறந்து, "மனசு சரியில்லை, என்ன செய்ய?" என்று டைப் செய்வது.

நான் அருள்புரத்தில் இருந்துகொண்டு பனியன் கம்பெனிகளுக்குச் சம்பளக் கணக்கு, புரொடக்ஷன் கணக்கு சாப்ட்வேர் எழுதுகிறேன். சாப்ட்வேர் சந்தேகத்தோடு இந்தச் சந்தேகத்தையும் பலர் கேட்கிறார்கள். மகனுக்காகக் கம்ப்யூட்டர் வாங்கிய ஜாப்வொர்க் யூனிட் அண்ணன் ஒருவர், "தம்பி, இதுகிட்டக் கேட்டா தூக்கம் வராததுக்கு வழி சொல்லுதாமுங்களே, நெசமுங்களா?" என்றார். பாதி நிஜம் என்பதே என் பதில். எந்தப் பாதி என்று தெரிய வேண்டுமானால், மனநல ஆலோசனை எப்படி வேலை செய்கிறது என்று கொஞ்சம் தெரிந்துகொள்ள வேண்டும்.

நான்கு வழிகள்

மனநல சிகிச்சையில் பல முறைகள் இருக்கின்றன. புதியவர்கள் நான்கைத் தெரிந்துகொண்டால் போதும்.

முதலாவது, சிக்மண்ட் பிராய்டு வியன்னாவில் தொடங்கிய உளப்பகுப்பாய்வு. இன்றைய தவிப்புக்கு வேர் பழைய, மறந்துபோன அனுபவங்களில் இருக்கிறது என்பது இதன் அடிப்படை. மனதில் வருவதையெல்லாம் தடையில்லாமல் பேசவிட்டு அந்த வேரைத் தேடுவார்கள். கல்கத்தாவில் கிரீந்திரசேகர் போஸ் 1922ஆம் ஆண்டிலேயே இதற்கென்று ஒரு சங்கம் தொடங்கி, பிராய்டுடன் கடிதத் தொடர்பும் வைத்திருந்தார்.

இரண்டாவது, நடத்தை சிகிச்சை. தென்னாப்பிரிக்க டாக்டர் ஜோசப் வோல்ப் 1950களில் இதற்கு ஒரு தெளிவான முறை வகுத்தார். பயத்தைப் படிப்படியாகப் பழக்குவது அது. பல்லடம் ரோட்டில் பைக்கிலிருந்து விழுந்த ஒருவருக்கு, காயம் ஆறியும் பைக்கைத் தொடவே பயம் என்று வைத்துக்கொள்ளுங்கள். முதலில் நிற்கிற வண்டியில் உட்காருவது, பிறகு தெருவுக்குள் ஓட்டுவது, கடைசியாக மெயின் ரோடு. ஒரு படியில் பயம் அடங்கிய பிறகுதான் அடுத்த படி.

மூன்றாவது, கார்ல் ரோஜர்ஸ் முறை. இதில் ஆலோசகர் அறிவுரை சொல்வதில்லை. வந்தவரை எந்த நிபந்தனையும் இல்லாமல் ஏற்றுக்கொள்வது, அவர் இடத்தில் நின்று புரிந்துகொள்வது, நடிக்காமல் உண்மையாக இருப்பது ஆகிய மூன்றையும் ஆலோசகர் தந்தால், வந்தவர் தன் வழியைத் தானே கண்டுபிடிப்பார் என்றார் ரோஜர்ஸ்.

நான்காவது, ஆல்பர்ட் எல்லிஸும் ஆரோன் பெக்கும் 1950, 60களில் வளர்த்தெடுத்த முறை. சிபிடி என்று சுருக்கமாகச் சொல்கிறார்கள். நடந்த சம்பவத்தைவிட, அதைப் பற்றி நாம் நினைப்பதே நம்மை அதிகம் வாட்டுகிறது. அந்த நினைப்பை எழுதி வைத்துச் சரிபார்க்கலாம் என்பது இதன் சாரம்.

கம்ப்யூட்டர் போட்ட டாக்டர் வேஷம்

1966ஆம் ஆண்டு அமெரிக்காவின் எம்ஐடியில் ஜோசப் வைசன்பாம் என்ற பேராசிரியர் எலிசா என்ற புரோகிராமை வெளியிட்டார். அதில் டாக்டர் என்ற பகுதி ரோஜர்ஸ் முறை ஆலோசகரைப் போலப் பேசும். நீங்கள் "எனக்குக் கவலையாக இருக்கிறது" என்று அடித்தால், "எவ்வளவு நாளாகக் கவலையாக இருக்கிறது?" என்கிற மாதிரி உங்கள் சொல்லையே திருப்பிக் கேட்கும். அதற்கு ஒன்றும் புரியாது. வார்த்தைகளைப் பொருத்திப் பார்ப்பது மட்டுமே அதன் வேலை. ஆனாலும் வைசன்பாமின் செயலாளரே அதனுடன் பேச உட்கார்ந்து, அவரைக் கொஞ்ச நேரம் அறையை விட்டு வெளியே இருக்கச் சொன்னாராம். இது வைசன்பாமைக் கலங்க வைத்தது. கம்ப்யூட்டரிடம் ஒப்படைக்கக் கூடாத வேலைகளும் உண்டு என்று 1976இல் ஒரு புத்தகமே எழுதினார்.

இன்றைய ஏஐ புரோகிராம்கள் எலிசாவைவிடப் பல மடங்கு திறமையானவை. தமிழிலேயே பதில் சொல்கின்றன. ஆனால் ரோஜர்ஸ் கேட்ட "உண்மையாக இருப்பது" மட்டும் அவற்றிடம் இல்லை. உங்களுக்கு இன்று இரவு என்ன ஆகும் என்பதில் அவற்றுக்கு எந்தக் கவலையும் கிடையாது. அதோடு, ஆமாம் போடும் குணமும் உண்டு. 2025 ஏப்ரலில் சாட்ஜிபிடியின் ஒரு அப்டேட் எல்லாவற்றுக்கும் தலையாட்டுகிறது என்று ஓபன்ஏஐ நிறுவனமே அதைத் திரும்பப் பெற்றது. மனம் உடைந்தவரிடம் "நீங்கள் நினைப்பது சரிதான்" என்று ஒரு புரோகிராம் சொன்னால் என்ன ஆகும் என்று யோசித்துப் பாருங்கள். அமெரிக்காவின் இல்லினாய் மாநிலம் 2025 ஆகஸ்டில், ஏஐ நேரடியாக மனநல சிகிச்சை தருவதைத் தடுத்துச் சட்டம் போட்டதற்கு இதுபோன்ற கவலைகளே காரணம்.

கம்ப்யூட்டரால் முடிகிற பாதி

சிபிடி முறையில் எழுத்து வேலை அதிகம். அதற்குக் கம்ப்யூட்டர் நன்றாக உதவும். எக்ஸெல் அல்லது இலவசமான லிப்ரே ஆபீஸ் கால்க் திறந்து, ஏழு காலம் போட்டுக்கொள்ளுங்கள்: தேதி, நடந்தது, மனதில் ஓடிய எண்ணம், உணர்ச்சி (100க்கு எவ்வளவு), எண்ணத்துக்கு ஆதாரம், எதிரான ஆதாரம், இப்போது உணர்ச்சி எவ்வளவு.

உதாரணம்: ஒரு பார்ட்டி சரக்கைத் திருப்பி அனுப்பிவிட்டார். எண்ணம், "இனி யாரும் எனக்கு வேலை தரமாட்டார்கள்." பயம் 90. ஆதாரம், சரக்கு திரும்பியது உண்மை. எதிரான ஆதாரம், வேறு இரண்டு பார்ட்டிகளுக்கு இந்த வாரம் டெலிவரி இருக்கிறது. எழுதி முடித்த பிறகு பயம் 60 ஆகலாம். அது பூஜ்யம் ஆக வேண்டியதில்லை. அடுத்த போன் செய்கிற அளவுக்குக் குறைந்தால் போதும்.

வீட்டில் எல்லோரும் தொடுகிற கம்ப்யூட்டர் என்றால் பைலுக்குப் பாஸ்வேர்டு போடுங்கள். எக்ஸெல்லில் பைல், இன்போ, புரொடெக்ட் ஒர்க்புக், என்கிரிப்ட் வித் பாஸ்வேர்டு என்று போக வேண்டும். பாஸ்வேர்டை மறந்தால் பைல் போனதுதான். எனவே அதைப் பத்திரமாக எழுதி வையுங்கள்.

ஒரு எச்சரிக்கை. எல்லாக் கவலையும் எண்ணப் பிழை கிடையாது. 2011 ஜனவரியில் உயர் நீதிமன்ற உத்தரவால் திருப்பூர் சாயப்பட்டறைகள் மூடப்பட்டபோது வேலை இழந்தவரிடம் "நினைப்பை மாற்றுங்கள்" என்று சொல்லியிருந்தால் அது கொடுமை. அப்படிப்பட்ட நேரத்தில் கடன், வேலை, வீட்டுச் செலவு என்று பிரச்னையைத் துண்டு துண்டாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் அடுத்த அடியைக் கூட உட்கார்ந்து யோசிக்க ஒரு மனிதர் வேண்டும். ஜிம்பாப்வேயில் டிக்சன் சிபாண்டா என்ற மனநல மருத்துவர் பாட்டிமார்களுக்கு இந்தப் பயிற்சியைக் கொடுத்து, ஆஸ்பத்திரி வாசலில் பெஞ்சு போட்டு உட்கார வைத்தார். கோவாவில் டாக்டர் இல்லாத சாதாரண ஆட்களுக்குப் பயிற்சி தந்து, மனச்சோர்வு உள்ளவர்களுக்கு ஆறு முதல் எட்டு சந்திப்புகளில் உதவ வைத்தார்கள். இரண்டு இடத்திலும் நல்ல பலன் கிடைத்தது. நம் கம்பெனிகளில் தையல் லைனுக்கு ஒரு சூப்பர்வைசர் இருக்கிறார். இப்படிப் பயிற்சி பெற்ற, காது கொடுத்துக் கேட்கிற ஒருவரையும் ஏன் வைக்கக் கூடாது? ஒன்றரை ஷிப்டு வேலை பார்த்து, ஊர் விட்டு வந்து ஹாஸ்டலில் தங்கியிருக்கிற பெண்ணுக்கு என் சாப்ட்வேரைவிட அது பெரிய உதவி.

ரகசியமும் உதவி எண்ணும்

மனநல நிபுணர் உங்கள் விஷயத்தை வெளியே சொல்லக் கூடாது என்று மனநலப் பராமரிப்புச் சட்டம் 2017 கட்டாயப்படுத்துகிறது. சாட் புரோகிராமில் நீங்கள் அடிப்பது அந்த நிறுவனத்தின் சர்வரில் போய் உட்காரும். எனவே பெயர், கம்பெனி, கடன்காரர் விவரம் எதையும் அதில் டைப் செய்யாதீர்கள். அதை நம்பியே இருப்பதும் ஆபத்து. 2017இல் வந்து பல பேருக்குப் பழக்கமான வோபாட் என்ற மனநல ஆப், 2025 ஜூனில் மூடப்பட்டுவிட்டது.

இரண்டு வாரத்துக்கு மேல் தூக்கம், சாப்பாடு, வேலை கெட்டால் மனிதரிடம் போங்கள். மருந்து எழுதுபவர் மனநல மருத்துவர். பேச்சு சிகிச்சை தருகிற கிளினிக்கல் சைக்காலஜிஸ்ட்டிடம் இந்திய மறுவாழ்வு கவுன்சில் பதிவு இருக்கிறதா என்று கேட்க உங்களுக்கு உரிமை உண்டு. போக நேரமில்லை, பணமில்லை என்றால் மத்திய அரசின் டெலி மானஸ் எண் 14416. 2022 அக்டோபரில் தொடங்கிய இலவச சேவை இது. 24 மணி நேரமும் தமிழ், இந்தி உட்பட 20 மொழிகளில் பேசலாம். வடமாநிலத் தொழிலாளர்களுக்கும் இதைச் சொல்லுங்கள். உயிரை விட்டுவிடலாம் என்று ஒரு நொடி தோன்றினாலும் டைப் செய்வதை நிறுத்திவிட்டு இந்த எண்ணைக் கூப்பிடுங்கள். பக்கத்தில் இருப்பவரையும் எழுப்புங்கள்.

என்னைக் கேட்டால், கம்ப்யூட்டரை நோட்டுப் புத்தகமாக வைத்துக்கொள்ளுங்கள், கவுன்சலராக வேண்டாம் என்பேன். புதுக் கம்ப்யூட்டருக்குப் பாஸ்வேர்டு, ஆன்ட்டி வைரஸ் போடுகிற அன்றைக்கே, 14416 என்று ஒரு சீட்டில் எழுதி மானிட்டர் ஓரத்தில் ஒட்டிவிடுங்கள்.